499 ரூபாய்தானேன்னு விடாதீங்க: பியூட்டி சப்ஸ்கிரிப்ஷன்ல மாட்டினா சாவியைத் திருப்பிக் கேட்காதீங்க, பூட்டை மாத்துங்க



இந்த வாரம் உங்களுக்கு ஒரு சின்ன வேலை. கடைசி மூணு மாச பேங்க் ஸ்டேட்மென்ட்டை டவுன்லோட் பண்ணுங்க. 199, 299, 399, 499, 599 மாதிரித் தொகைகள் எங்கெல்லாம் வருதோ அங்கெல்லாம் ஒரு வட்டம் போடுங்க. வட்டம் போட்ட வரியில இருக்கிற பேரைப் படிங்க. "இது யாரு? இவங்களுக்கு மாசாமாசம் பணம் கட்டச் சொல்லி நான் எப்போ சொன்னேன்?"னு ஒரு வரியிலயாவது நீங்க நின்னுட்டீங்கன்னா, இந்தப் பதிவு உங்களுக்குத்தான்.

ஓடிடி, ஜிம், மொபைல் ஆப் எல்லாத்துலயும் இந்தத் தொல்லை இருக்கு. ஆனா இன்னிக்கு அழகுப் பொருட்களை மட்டும் எடுத்துக்கிறேன். ஃபேஸ் சீரம், கிரீம், முடி கொட்டாம இருக்க மாசாமாசம் வர்ற கிட், பியூட்டி பாக்ஸ், தள்ளுபடி மெம்பர்ஷிப், இந்த வகையறா. ஏன்னா இதுல பணத்தோட சேர்ந்து வெட்கமும் வருது. "முகத்துக்குப் பூசற கிரீமை நம்பி ஏமாந்துட்டேன்"னு வெளிய சொல்லப் பல பேருக்குக் கூச்சம். பெண்களுக்கு மட்டும் இல்ல; தலையில முடி கொட்டுதுன்னு ரகசியமா கிட் ஆர்டர் பண்ற ஆம்பளைங்களுக்கும் இதே கதைதான். வெளிய சொல்ல மாட்டாங்க, மாசாமாசம் கட்டிக்கிட்டே இருப்பாங்க.

என் கருத்தை முதல்லயே சொல்லிடறேன். இது உங்க அஜாக்கிரதைக்கு நீங்க கட்டற அபராதம் கிடையாது. சட்டமே பேர் வச்சுத் தடை பண்ணியிருக்கிற ஒரு பொறி. அதுல இருந்து வெளிய வர நீங்க கம்பெனிகிட்ட அனுமதி கேட்க வேண்டியதும் இல்ல. பணம் போற வழியை உங்க பக்கத்துல இருந்தே அடைக்கலாம். பெரும்பாலும் அஞ்சு நிமிஷ வேலைதான்.

எப்படி மாட்டுது?

உதாரணத்துக்கு, திருப்பூர்ல ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில 16,000 ரூபாய் சம்பளத்துக்கு வேலை பார்க்கிற ஒரு பொண்ணுன்னு வச்சுக்குவோம். ராத்திரி போன் பார்க்கறப்போ ஒரு விளம்பரம் வருது. கரும்புள்ளி போக்குற சீரம், முதல் கிட் வெறும் 1 ரூபாய். ஒரு ரூபாய்க்கு என்ன நஷ்டம் வந்துடப் போகுதுன்னு தொடறாங்க. யூபிஐ ஆப் திறக்குது, பின் போடறாங்க, முடிஞ்சுது. அடுத்த மாசம் 499. அதுக்கடுத்த மாசமும் 499.

அவங்க நினைச்சது ஒரு ரூபாய் பேமென்ட். ஆனா பின் போட்டது ஒரு 'மேன்டேட்'டுக்கு, அதாவது "குறிப்பிட்ட தேதியில, குறிப்பிட்ட தொகை வரைக்கும், என்னைக் கேட்காமலே எடுத்துக்கோங்க"ங்கிற முன்அனுமதிக்கு. வீட்டுச் சாவிக்கு ஒரு டூப்ளிகேட் போட்டுக் கையில குடுத்த மாதிரி. யூபிஐ ஆட்டோபே 2020ல வந்தது. கரன்ட் பில்லுக்கும் எஸ்ஐபிக்கும் நல்ல வசதி. அதே வசதிதான் இங்கே தூண்டிலா மாறுது.

இந்தப் பணம் மூணு வழியில போகும். உங்க பணம் எந்த வழியில போகுதுன்னு தெரிஞ்சாதான் எங்கே அடைக்கணும்னு தெரியும்.

முதல் வழி, இப்போ சொன்ன யூபிஐ ஆட்டோபே.

ரெண்டாவது, டெபிட் அல்லது கிரெடிட் கார்டு மேன்டேட். முதல் தடவை ஓடிபி போட்டுப் பதிவு பண்ணியிருப்பீங்க. அதுக்கப்புறம் ஒவ்வொரு தடவையும் 15,000 ரூபாய் வரைக்கும் ஓடிபி இல்லாமலே எடுக்கலாம். இந்த வரம்பு இதுக்கு முன்னாடி 5,000 ரூபாயா இருந்தது. 2022 ஜூன்ல ரிசர்வ் வங்கி அதை 15,000 ஆக்கியது. யூபிஐ மேன்டேட்டுக்கும் இதே கணக்குதான். 499 ரூபாய்க்கு எந்தக் கேள்வியும் வராததுக்குக் காரணம் இதுதான்.

மூணாவது, வெளிநாட்டு வெப்சைட். "சாம்பிள் இலவசம், ஷிப்பிங் மட்டும் கட்டுங்க"ன்னு சொல்லிக் கார்டு நம்பரையும் பின்னாடி இருக்கிற மூணு இலக்க சிவிவியையும் வாங்கிக்குவாங்க. பல வெளிநாட்டுத் தளங்கள்ல ஓடிபியே கேட்காது. ஷிப்பிங் காசு போன அதே கார்டுல அடுத்த மாசம் முழு விலையும் போயிடும்.

இந்த வித்தை நம்ம ஊர்ல பிறந்தது இல்ல. அமெரிக்காவுல எஃப்டிசிங்கிற வர்த்தக ஆணையம் 2015ல ஆராவீ உள்ளிட்ட சில ஸ்கின்கேர் பிராண்டுகளை வித்தவங்க மேல வழக்குத் தொடர்ந்தது. 'ரிஸ்க் இல்லாத இலவச ட்ரையல்'னு சொல்லி, 5 டாலருக்கும் குறைவா ஷிப்பிங் மட்டும் வாங்கினாங்க. 10 நாள் முடிஞ்சதும் சுமார் 98 டாலர் வரைக்கும் கார்டுல எடுத்து, மாசாமாசம் தொடர்ந்தாங்கன்னு குற்றச்சாட்டு. அங்கே பழைய சரக்கு, இங்கே 1 ரூபாய் ஸ்டிக்கர் ஒட்டி வருது.

அழகுப் பொருளுக்கு சப்ஸ்கிரிப்ஷன் ஏன் பொருந்தல?

சப்ஸ்கிரிப்ஷன்னாலே தப்புன்னு நான் சொல்ல வரல. நம்ம வீட்டுக்கு அது புதுசும் இல்ல. ஆவின் பால் கார்டு ஒரு சப்ஸ்கிரிப்ஷன். காலையில வர்ற பேப்பர் ஒரு சப்ஸ்கிரிப்ஷன். ஏன் அதுல யாரும் மாட்டிக்கிட்டுத் தவிக்கல?

ரெண்டு காரணம். ஒண்ணு, பாலும் பேப்பரும் தினமும் அன்னன்னிக்கே தீர்ந்து போற பொருள். ரெண்டாவது, "ஊருக்குப் போறோம், ஒரு வாரம் பேப்பர் வேண்டாம்"னு வாசல்ல நின்னு ஒரு வார்த்தை சொன்னா போதும். "நிஜமாவே வேண்டாமா? ஏன் வேண்டாம்? இந்த ஏழு காரணத்துல ஒண்ணைத் தேர்ந்தெடுங்க"ன்னு பேப்பர்காரர் கேட்க மாட்டார்.

இப்போ சீரத்தை எடுத்துக்குங்க. ஒரு பாட்டில் ஒருத்தருக்கு ஒரு மாசம் வரும், இன்னொருத்தருக்கு மூணு மாசம் வரும். வெயில் காலத்துல ஒரு கிரீம், மழைக் காலத்துல வேற கிரீம். நடுவுல அலர்ஜி வந்து நிறுத்தவும் நேரிடும். ஆனா பார்சல் மட்டும் 30 நாளுக்கு ஒருமுறை டாண்ணு வந்து நிக்கும். அலமாரியில பிரிக்காத டப்பா ரெண்டு இருக்கறப்போ மூணாவது வருதுன்னா, அந்தக் கால இடைவெளி உங்க முகத்தைப் பார்த்து வச்சது இல்ல, கம்பெனியோட வருமானத்தைப் பார்த்து வச்சது.

அதனால ஒரு எளிய சோதனை சொல்றேன். புது டப்பாவைத் திறக்கிற அன்னிக்கு மூடி மேல மார்க்கர்ல தேதி எழுதுங்க. தீர்ந்த அன்னிக்கு எத்தனை நாள் வந்ததுன்னு பாருங்க. 30 நாள்ல தீர்ந்தா மாச சப்ஸ்கிரிப்ஷன்ல கிடைக்கிற தள்ளுபடி உங்களுக்கு லாபம்தான், தாராளமா வச்சுக்குங்க. 50 நாள் வந்ததுன்னா 10 சதவீதத் தள்ளுபடிக்காகத் தேவைக்கு மேல வாங்கறீங்க. டப்பாவோட பின்பக்கம் திறந்த ஜாடி மாதிரி ஒரு படமும், அதுக்குள்ள 6 இல்லன்னா 12னு ஒரு நம்பரும் இருக்கும். திறந்ததுல இருந்து அத்தனை மாசத்துக்குள்ள பயன்படுத்தணும்னு அர்த்தம். சேர்த்து வச்சு ஒண்ணொண்ணா திறந்துட்டே போனா, கடைசியில பாதி குப்பைக்குத்தான் போகும்.

கணக்கையும் பார்த்துடுவோம். மாசம் 499னா வருஷத்துக்கு 5,988 ரூபாய். நம்ம உதாரணப் பொண்ணோட ஒரு மாசச் சம்பளத்துல மூணுல ஒரு பங்குக்கும் மேல. மாசம் 26 நாள் வேலைன்னா அவங்க ஒரு நாள் சம்பளம் சுமார் 615 ரூபாய். அதாவது மாசத்துல ஒரு நாள், காலையில இருந்து சாயங்காலம் ஷிஃப்ட் முடியப் போற வரைக்கும், தனக்கு வேண்டாத ஒரு டப்பாவுக்காக உழைக்கிறாங்க. இதை எஸ்ஐபியில போட்டிருந்தா எத்தனை லட்சம் ஆகியிருக்கும்னு கணக்குக் காட்ட நான் வரல. அந்த ஒரு நாள் உழைப்பு அவங்களோடது. அது எங்கே போகணும்னு அவங்கதான் முடிவு பண்ணணும்.

499ங்கிற நம்பரையும் கவனிங்க. 5,000 போனா அன்னிக்கே பேங்க் வாசல்ல நிப்போம். 50 போனா கண்ணுலயே படாது. 499 ரெண்டுக்கும் நடுவுல. வலிக்கும், ஆனா ஒரு நாள் லீவு போட்டுச் சண்டை போடற அளவுக்கு வலிக்காது. "இதுக்குப் போயி..."ன்னு நாம விடற ஒவ்வொரு மாசமும் அவங்களுக்கு லாபம்.

சட்டம் என்ன சொல்லுது?

"நீங்கதானே ஓகே குடுத்தீங்க, நாங்க என்ன பண்ண முடியும்?" கஸ்டமர் கேர்ல முதல்ல வர்ற பதில் இதுதான். கேட்ட உடனே பாதிப் பேர் போனை வச்சுடறாங்க. வைக்காதீங்க. இந்த மூணு விஷயத்தைத் தெரிஞ்சு வச்சுக்குங்க.

ஒண்ணு, 2020ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்பு மின்வணிக விதிகள். வாங்குபவரின் சம்மதம் அவரே தெளிவாகச் செய்த ஒரு செயலாக இருக்க வேண்டும். முன்கூட்டியே டிக் அடிச்சு வச்ச கட்டத்தை எல்லாம் சம்மதம்னு எடுத்துக்கக் கூடாது. குறைதீர்க்கும் அதிகாரி ஒருத்தர் இருக்கணும், அவர் 48 மணி நேரத்துல உங்க புகார் வந்து சேர்ந்ததை உறுதிப்படுத்தணும், ஒரு மாசத்துக்குள்ள தீர்வு சொல்லணும்.

ரெண்டு, 2023 நவம்பர் 30ல வந்த 'டார்க் பேட்டர்ன்' வழிகாட்டு நெறிமுறைகள். மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம், அதாவது சிசிபிஏ, வெளியிட்டது. ஏமாத்து வடிவமைப்புகள்னு 13 வகையை அது பட்டியல் போட்டிருக்கு. அதுல ஒண்ணுக்குப் பேரே 'சப்ஸ்கிரிப்ஷன் ட்ராப்'. ரத்து பண்றதை இழுத்தடிச்சுச் சிக்கலாக்குறது, ரத்து பண்ற பட்டனை ஒளிச்சு வைக்கிறது, எப்படி ரத்து பண்ணணும்ங்கிறதைக் குழப்பமா எழுதி வைக்கிறது எல்லாம் இதுல வரும். முக்கியமா, இலவச சந்தாவுக்குக் கூட பேமென்ட் விவரத்தையோ ஆட்டோ டெபிட் அனுமதியையோ கட்டாயப்படுத்தி வாங்குறதும் இதே பட்டியல்ல இருக்கு. "ட்ரையல் ஃப்ரீதான், ஆட்டோபே மட்டும் ஆன் பண்ணுங்க"ன்னு வர்ற ஸ்கிரீன் ஞாபகம் வருதா? அதேதான்.

"வேண்டாம், எனக்குப் பளபளப்பான சருமம் தேவையில்லை"ன்னு ஒரு பட்டன் வச்சு, அதைத் தொட்டாதான் வெளிய விடுவேன்னு சொல்றாங்களே, அதுக்கும் இந்தப் பட்டியல்ல ஒரு பேர் இருக்கு. வெட்கப்பட வச்சு சம்மதிக்க வைக்கிறது. நம்ம கூச்சம் அவங்களுக்கு ஒரு முதலீடுன்னு நான் சொல்றது இதைத்தான்.

மூணு, ரிசர்வ் வங்கியோட இ-மேன்டேட் விதிகள், 2021 அக்டோபர்ல இருந்து முழுசா நடைமுறையில இருக்கு. பணம் எடுக்கிறதுக்குக் குறைஞ்சது 24 மணி நேரத்துக்கு முன்னாடி உங்களுக்குத் தகவல் வரணும். யாரு எடுக்கறாங்க, எவ்வளவு, எப்போங்கிறது அதுல இருக்கணும். அந்த ஒரு தவணையை மட்டுமோ, மொத்த மேன்டேட்டையுமோ நிறுத்தற வசதி உங்களுக்கு இருக்கணும். இதுக்கெல்லாம் கட்டணம் வாங்கக் கூடாது.

கவனிச்சீங்களா? நிறுத்தற உரிமை உங்களுக்கும் உங்க பேங்குக்கும் நடுவுல இருக்கு. கம்பெனி ஒத்துக்கணும்னு எங்கேயும் இல்ல.

என்ன பண்ணணும்? வரிசை முக்கியம்

பெரும்பாலானவங்க முதல்ல கம்பெனிக்கு மெயில் போடறாங்க, பதிலுக்குக் காத்திருக்காங்க, அதுக்குள்ள அடுத்த தவணை போயிடுது. டூப்ளிகேட் சாவியை வச்சிருக்கிறவர்கிட்ட போய், "தயவு செஞ்சு திருப்பிக் குடுங்க"ன்னு கெஞ்சுற மாதிரி. பூட்டை மாத்திட்டு அப்புறம் பேசுங்க.

முதல் வேலை, மேன்டேட்டை ரத்து பண்றது. யூபிஐன்னா உங்க ஆப்ல ப்ரொஃபைல் பகுதிக்குள்ள 'ஆட்டோபே'ன்னு ஒரு இடம் இருக்கும். உள்ள போனா யார் யாருக்கு அனுமதி குடுத்திருக்கீங்கன்னு லிஸ்ட் வரும். வேண்டாததைத் தொட்டு ரத்து பண்ணுங்க. 'பாஸ்' கொடுத்தா தற்காலிகமாத்தான் நிக்கும், ரத்துதான் நிரந்தரம். கூகுள் பே, போன்பே, பேடிஎம்னு மூணு ஆப் வச்சிருந்தா மூணையும் திறந்து பாருங்க. எந்த ஆப்ல பின் போட்டோம்னு பல நேரம் நமக்கே ஞாபகம் இருக்காது.

கார்டுன்னா உங்க பேங்க் ஆப் அல்லது நெட்பேங்கிங்ல 'இ-மேன்டேட்' அல்லது 'ஸ்டாண்டிங் இன்ஸ்ட்ரக்ஷன்'னு தேடுங்க. பல வங்கிகள் இதுக்கு பில்டெஸ்க்கோட எஸ்ஐ ஹப் பக்கத்தைப் பயன்படுத்துறாங்க. கிடைக்கலன்னா பேங்க்குக்கு எழுத்துல கேளுங்க.

ஆப் ஸ்டோர் வழியா வாங்கியிருந்தா கூகுள் ப்ளே அல்லது ஆப்பிள் அக்கவுன்ட்ல 'சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' பகுதியில ரத்து பண்ணணும். ஒண்ணை நல்லா ஞாபகம் வச்சுக்குங்க: போன்ல இருந்து ஆப்பை அழிச்சா சப்ஸ்கிரிப்ஷன் அழியாது. கடைக்குப் போறதை நிறுத்திட்டா கடன் நோட்டுல நம்ம பேரு அழிஞ்சுடுமா என்ன?

வெளிநாட்டுத் தளம்னா கார்டு செட்டிங்ஸ்ல 'இன்டர்நேஷனல் ட்ரான்ஸாக்ஷன்'ஐ ஆஃப் பண்ணுங்க. இந்த ஆன், ஆஃப் வசதியை எல்லா வங்கிகளும் தரணும்னு ரிசர்வ் வங்கி 2020லயே சொல்லிடுச்சு. வெளிநாட்டுல இருந்து எதுவும் வாங்காதவங்க அதை எப்பவுமே ஆஃப்லயே வச்சிருக்கலாம்.

ரெண்டாவது வேலை, ஆதாரம். ரத்து ஆனதா காட்டுற ஸ்கிரீன்ஷாட், முதல்ல பார்த்த விளம்பரம் கிடைச்சா அதோட ஸ்கிரீன்ஷாட், பணம் போன தேதிகள், எஸ்எம்எஸ். எல்லாத்தையும் ஒரே ஃபோல்டர்ல போட்டு வைங்க.

மூணாவது வேலை, கம்பெனிக்கு எழுத்துல ஒரு மெயில். போன்ல பேசினது காத்தோட போயிடும். நீளமா எழுத வேண்டாம், இவ்வளவு போதும்: "இன்ன தேதியில் என் சந்தாவை ரத்து செய்துவிட்டேன். மேன்டேட்டையும் ரத்து செய்துவிட்டேன். இனி எந்தப் பொருளும் அனுப்ப வேண்டாம். என் தெளிவான சம்மதம் இல்லாமல் இன்ன தேதிகளில் எடுத்த இவ்வளவு தொகையைத் திருப்பித் தரவும். இது சப்ஸ்கிரிப்ஷன் ட்ராப் என்பதால், பதில் வராவிட்டால் நுகர்வோர் உதவி மையத்தில் புகார் செய்வேன்." அதுக்கப்புறமும் பார்சல் வந்தா வாங்காதீங்க. டெலிவரி தம்பிகிட்ட திருப்பி அனுப்பச் சொல்லுங்க.

ஒரு எச்சரிக்கையும் இங்கேயே சொல்லிடறேன். கம்பெனியோட கஸ்டமர் கேர் நம்பரை இன்டர்நெட்ல தேடிக் கண்ணுல பட்ட முதல் நம்பருக்குக் கூப்பிடாதீங்க. போலி நம்பர்கள் நிறைய இருக்கு. ரீஃபண்ட் வாங்கறதுக்கு யூபிஐ பின் தேவையே இல்ல. மேன்டேட்டை ரத்து பண்ண நீங்களே திறந்த உங்க ஆப்ல பின் கேட்டா அது சரி. போன்ல ஒருத்தர் "பணம் வரும், பின் போடுங்க"ன்னா அது திருட்டு. அப்படிப் பணம் போயிட்டா உடனே 1930க்குக் கூப்பிடுங்க.

போன பணம் திரும்ப வருமா?

இங்கே உங்களுக்கு இனிப்பா பேச நான் தயாரா இல்ல. ரெண்டு நிலைமை இருக்கு, ரெண்டும் வேற வேற.

மேன்டேட்டை ரத்து பண்ணதுக்கு அப்புறமும் பணம் போனா, அல்லது நீங்க அனுமதியே குடுக்காம போயிருந்தா, உங்க பக்கம் ரொம்ப வலுவா இருக்கு. உடனே பேங்க்ல புகார் பதிவு பண்ணி நம்பர் வாங்குங்க. ரிசர்வ் வங்கியோட 2017 சுற்றறிக்கைப்படி, உங்க தவறும் வங்கியோட தவறும் இல்லாம வேற யாராலயோ நடந்த அனுமதியில்லாத பரிவர்த்தனையை, தகவல் வந்த மூணு வேலை நாளுக்குள்ள சொன்னா உங்களுக்கு நஷ்டமே கிடையாது. ஏழு வேலை நாளுக்குள்ளன்னா நஷ்டத்துக்கு ஒரு வரம்பு இருக்கு. வாடிக்கையாளர்தான் பொறுப்புன்னு நிரூபிக்க வேண்டியது வங்கியோட வேலை. பேங்க் 30 நாள்ல பதில் சொல்லலன்னா, இல்ல சொன்ன பதில் திருப்தி இல்லன்னா, ரிசர்வ் வங்கி ஆம்புட்ஸ்மேன்கிட்ட இலவசமா போகலாம். விவரம் கேட்க 14448. அது பேங்க் மேல புகார் பண்ற இடம், கிரீம் கம்பெனி மேல இல்லங்கிறதை மறந்துடாதீங்க.

நீங்களே பின் போட்ட மேன்டேட்ல பழைய மாசங்கள் போயிருந்தா, "அனுமதி இருக்கு"ன்னு பேங்க் கையை விரிக்கும். பேங்க்கோட சண்டை போட்டு நேரத்தை வீணாக்காம, கம்பெனி பக்கம் திரும்புங்க. கிரெடிட் கார்டா இருந்தா 'டிஸ்ப்யூட்' ஒண்ணு பதிவு பண்ணிப் பார்க்கலாம். அதோட தேசிய நுகர்வோர் உதவி மையம், 1915க்குக் கூப்பிடுங்க, தமிழ்லயே பேசலாம். வாட்ஸ்அப்லயும் புகார் பண்ணலாம். புகார்ல "ஏமாத்திட்டாங்க"ன்னு மட்டும் சொல்லாம, 'சப்ஸ்கிரிப்ஷன் ட்ராப்'ங்கிற வார்த்தையையே பயன்படுத்துங்க. பட்டியல்ல இருக்கிற பேரைச் சொன்னா வேலை எளிது.

அதுலயும் சரி வரலன்னா மாவட்ட நுகர்வோர் ஆணையம். பொருளுக்குக் குடுத்த தொகை 5 லட்சம் வரைக்கும் தாக்கல் கட்டணம் கிடையாது. வக்கீல் கட்டாயம் இல்ல. கம்பெனி டெல்லியில இருந்தாலும் நீங்க குடியிருக்கிற அல்லது வேலை பார்க்கிற மாவட்டத்துலயே போடலாம். பிரச்சினை எழுந்ததுல இருந்து ரெண்டு வருஷத்துக்குள்ள போடணும். இ-ஜாக்ரிதி தளத்துல ஆன்லைன்லயே தாக்கல் பண்ணலாம்.

499 ரூபாய்க்கு இவ்வளவு தூரம் போகணுமான்னு கேட்டா, எல்லாரும் ஆணையம் வரைக்கும் போகணும்னு நான் சொல்ல மாட்டேன். நேரமும் பணம்தான். ஆனா மேன்டேட் ரத்து, ஒரு மெயில், 1915ல ஒரு புகார், இந்த மூணையும் பண்ணிடுங்க. ஒரே கம்பெனி மேல நூறு சின்னப் புகார் சேர்ந்தாதான் ஆணையத்தோட கண்ணுல அது படும். யாருமே புகார் பண்ணலன்னா, கம்பெனி கணக்குல நீங்க எல்லாரும் 'திருப்தியான வாடிக்கையாளர்கள்'.

விதி இருந்தும் ஏன் தொடருது?

விதிகள் நல்லாத்தான் இருக்கு. அது நம்ம கைக்கு வந்து சேர்ற விதம்தான் சரியில்ல. 24 மணி நேரத்துக்கு முன்னாடி தகவல் வரணும்னு விதி. பெரும்பாலும் அது இங்கிலீஷ்ல, லோன் ஆஃபர், ரீசார்ஜ் ஆஃபர்னு வர்ற நாப்பது மெசேஜுக்கு நடுவுல ஒண்ணா வருது. சில நேரம் நாம வாங்கின பிராண்ட் பேரே அதுல இருக்காது; கேள்விப்படாத ஒரு கம்பெனி பேரு, இல்லன்னா பேமென்ட் கேட்வே பேரு இருக்கும். திருப்பூர்ல ஷிஃப்ட் முடிச்சு வர்றவங்க அதைப் படிச்சுப் புரிஞ்சு, ஒரே நாளைக்குள்ள ரத்து பண்ணணும்னு எதிர்பார்க்கிறோம். இது கேட்டை மூடாம "நாய்கள் ஜாக்கிரதை"ன்னு போர்டு மாட்டுற பாதுகாப்பு.

2025 ஜூன்ல சிசிபிஏ, மின்வணிகத் தளங்கள் எல்லாம் தங்ககிட்ட டார்க் பேட்டர்ன் இருக்கான்னு மூணு மாசத்துக்குள்ள தாங்களே தணிக்கை பண்ணிக்கணும்னு அறிவுறுத்தியது. நல்ல ஆரம்பம்தான். ஆனா பரீட்சை எழுதினவனே பேப்பர் திருத்தினா யாரு ஃபெயில் ஆவாங்க?

என்னைக் கேட்டா மூணு மாற்றம் போதும். பணம் எடுக்கறதுக்கு முன்னாடி வர்ற எஸ்எம்எஸ் வாடிக்கையாளர் தேர்ந்தெடுத்த மொழியில வரணும். நாம வாங்கின பிராண்ட் பேரு அதுல கட்டாயம் இருக்கணும். ட்ரையல் முடிஞ்சு முதல் தடவை முழு விலை எடுக்கறப்போ, தொகை எவ்வளவு சின்னதா இருந்தாலும், மறுபடி ஒரு பின் அல்லது ஓடிபி கேட்கணும். நேர்மையான கம்பெனிக்கு இதுல ஒரு நஷ்டமும் இல்ல. பொருள் பிடிச்சவங்க பின் போடத்தான் போறாங்க. பின் கேட்டா ஓடிடுவாங்கன்னு ஒரு கம்பெனி பயந்தா, அது எதை வித்துட்டு இருக்குன்னு நமக்கே தெரிஞ்சுடும்.

அதெல்லாம் வர்ற வரைக்கும் நம்ம பக்கத்துக்கு ஒரு பழக்கம். பின் போடற ஸ்கிரீன்ல நாலு விஷயம் இருக்கும்: யாருக்கு, எவ்வளவு தொகை வரைக்கும், எத்தனை நாளுக்கு ஒருமுறை, எந்தத் தேதி வரைக்கும். 'ஆட்டோபே', 'மேன்டேட்'ங்கிற வார்த்தைகள்ல எது தெரிஞ்சாலும் கையை எடுத்துட்டு இந்த நாலையும் படிங்க. ஒரு ரூபாய் ஆஃபர்ல '5,000 வரை'ன்னு எழுதியிருந்தா அங்கேயே வெளிய வந்துடுங்க. அதோட மாசத்துல ஒரு நாள், சம்பளம் வந்த மறுநாள்னு வச்சுக்குங்க, ஆட்டோபே லிஸ்ட்டை ஒரு தடவை திறந்து பாருங்க. கேஸ் சிலிண்டரை ராத்திரி மூடிட்டுப் படுக்கற மாதிரி அது ஒரு பழக்கம் ஆகட்டும்.

வீட்டுல இருக்கிற மத்தவங்களுக்கு

கடைசியா, இதைப் படிக்கிற கணவர்களுக்கும் அப்பாக்களுக்கும் அண்ணன்களுக்கும் ஒரு வார்த்தை. வீட்டுல ஒருத்தங்க "என் அக்கவுன்ட்ல இருந்து ஏதோ போகுதுங்க"ன்னு வந்து சொன்னா, "உனக்கு எதுக்கு இந்த கிரீம் எல்லாம்?"னு ஆரம்பிக்காதீங்க. கிரீம் வாங்குறது அவங்க இஷ்டம், அவங்க காசு. வேண்டாம்னு ஆன பிறகும் பணம் எடுக்கறதுதான் இங்கே தப்பு. அந்த ஒரு கேள்வியைக் கேட்டுட்டீங்கன்னா அடுத்த தடவை அவங்க சொல்ல மாட்டாங்க. 499 போகும், அடுத்து 999 போகும், ஒரு நாள் உண்மையான மோசடியில பெரிய தொகை போனாலும் உங்களுக்குக் கடைசியாத்தான் தெரியும். வீட்டுல பணத்தைப் பத்திப் பயமில்லாம பேச முடியறதுதான் எந்த ஓடிபியையும் விடப் பெரிய பாதுகாப்பு.

உங்க அம்மா, தங்கச்சி போன்ல ஆட்டோபே லிஸ்ட்டை எப்படிப் பார்க்கிறதுன்னு இந்த ஞாயித்துக்கிழமை பக்கத்துல உட்கார்ந்து சொல்லிக் குடுங்க. அவங்களே ரத்து பண்ணட்டும், நீங்க வாங்கிப் பண்ணாதீங்க. கத்துக்கிட்டவங்க இன்னொருத்தருக்குச் சொல்லிக் குடுப்பாங்க.

உங்க லிஸ்ட்ல எத்தனை இருந்தது, எதை ரத்து பண்ணீங்கன்னு கமெண்ட்ல எழுதுங்க. கூச்சப்பட வேண்டியது நீங்க இல்ல. அடுத்த பதிவுல பார்ப்போம்.